ஏழு நிமிட மௌனம்

ஒலிநாடாவைக் கத்தரித்த இடத்தில் பசைநாடாவை ஒட்டி நகத்தால் தேய்த்துக்கொண்டிருந்தாள் சோலாஞ். அண்ணி இரேன் கறுப்புக் கையுறையோடு வாசலில் வந்து நின்றாள்.

"இன்னும் முடியலையா? சவ வண்டி வந்து நிக்குது."

"முடிஞ்சுது அண்ணி."

"அந்த ரயில் நிலையக் காட்சிதானே? எல்லாரும் அதைத்தான் கேப்பாங்க. அவரோட மௌனம்."

"அதேதான்" என்றாள் சோலாஞ்.

அவரோட மௌனமாம். ஒன்பது குற்றக்கதைப் படங்கள் எடுத்த அவள் அண்ணன் எமேரிக் வாசெல் என்றாலே பாரிஸில் எல்லோருக்கும் அந்தக் காட்சிதான் நினைவுக்கு வரும். திருடன் ஏழு நிமிடம் வாய் திறக்காமல் ரயிலுக்குக் காத்திருப்பான். அண்ணன் அதைப் படம்பிடித்து வந்தபோது அந்தத் திருடன் ஓயாமல் பேசினான். அம்மாவைப் பற்றி, மழையைப் பற்றி, தன் முழங்கால் வலியைப் பற்றி. ஒரு சொல் விடாமல் வெட்டி எறிந்தவள் சோலாஞ். திரையில் 'படத்தொகுப்பு: எமேரிக் வாசெல்' என்று வந்தது. அவள் பெயர் உதவியாளர் பட்டியலில், வண்டி ஓட்டியவருக்குக் கீழே. ஒன்பது படத்திலும் அப்படித்தான்.

அதைக்கூட விழுங்கியிருப்பாள். போன வியாழக்கிழமை, ஆஸ்பத்திரியில் மூச்சு வாங்க வாங்க, படத்தை வெட்டும் கலை பற்றிப் பத்திரிகைக்காரர் ஒருவரிடம் ஒரு மணி நேரம் பேசினான். கதவருகே நின்றவளைக் காட்டி, "என் தங்கச்சி, சூப் கொண்டு வருவா" என்றான். மறுநாள் செத்துப்போனான். அவளுக்கு அழுகை வரவில்லை. வயிறு எரிந்தது.

அடக்கம் முடிந்து எல்லோரும் தெருமுனைத் திரையரங்குக்கு வந்தார்கள். விளக்கு அணைந்தது. படம் ஓட்டும் அறையின் சின்ன ஜன்னல் வழியாகச் சோலாஞ் கீழே பார்த்தாள்.

அவள் கொடுத்திருந்தது, பதினான்கு வருடம் துணி அலமாரியில் ஒளித்து வைத்திருந்த வெட்டாத பிரதி, அதன் ஒலிநாடாவோடு. திரையில் திருடன் பேசினான், பேசிக்கொண்டே இருந்தான். முழங்காலுக்கு வந்தபோது யாரோ சிரித்தார்கள். உடனே கேமராவுக்குப் பின்னாலிருந்து எமேரிக்கின் குரல்:

"பேச்சு ஜாஸ்தியா? விடுங்கப்பா, சோலாஞ் வெட்டிக்குவா. நான் என்னைக்குடா வெட்டியிருக்கேன்?"

அங்கே எல்லாம் நின்றது. வெறும் வெள்ளைத் திரை. முன்வரிசையிலிருந்த அந்தப் பத்திரிகைக்காரர் மெல்லத் திரும்பி மேலே பார்த்தார். பிறகு பக்கத்திலிருந்தவர், பிறகு எல்லோரும். இரேன் மட்டும் திரும்பவில்லை. ஒவ்வொரு தலையாகத் திரும்புவதைச் சோலாஞ் ஆசை தீரப் பார்த்தாள். இனிக்கத்தான் செய்தது.

"டக்குனு நின்னுடுச்சே, மேற்கொண்டு ஏதோ சொல்ல வந்தாரே" என்றார் படம் ஓட்டுபவர்.

"நான்தான் வெட்டினேன்."

"என்ன சொன்னாரு?"

"'அவ கை பட்டாத்தான் அது படம்'னு." அவள் ஜன்னலை விட்டு நகர்ந்தாள். "அதைக் கேட்டா இவங்க அவனை மன்னிச்சிருப்பாங்க."

கைப்பையைத் திறந்தாள். காலையில் கத்தரித்த பழுப்பு நாடா, இரண்டு முழம், சுருண்டு கிடந்தது. எடுத்து விளக்கு வெளிச்சத்தில் உயர்த்திப் பிடித்தாள். ஒலிநாடாவில் கண்ணுக்கு எதுவும் தெரியாது என்பது இத்தனை வருடம் இந்த வேலை செய்தவளுக்குத் தெரியாதா. ஆனாலும் பிடித்தபடியே நின்றாள்.