ஆறாவது கம்பத்துக்கு எட்டுக் கையெழுத்து

1.

இந்தக் கதை ஒரு தலைவலியில் பிறந்தது. அதை ஒப்புக்கொண்டுவிட்டால் மீதியெல்லாம் தானாக வந்துவிடும் என்று நினைத்து உட்கார்ந்தேன். வரவில்லை.

முதல் வரைவு இது: 'ஆற்றங்கரை நெடுகப் பதினொரு கம்பங்கள், உச்சியில் சைரன்கள். அணையைத் திறந்தால் கத்திக் கத்தி ஊரை விரட்ட வேண்டும். மாதத்தின் முதல் திங்கள் காலை பதினொரு மணிக்கு ஒரு நிமிடம் ஊதிப் பார்ப்பார்கள். கம்பத்தடியில் குடியிருக்கும் ஒருவர், பதிவேட்டில் "கேட்டது" என்று எழுதிக் கையெழுத்திட வேண்டும்.'

(இதுவரை உண்மை. இனிமேல் ஆள் வருகிறார். அங்கேதான் வம்பு.)

2.

ஆறாவது கம்பத்தடியில் ஒரு கைக்குழந்தைக்காரி. சைரன் ஊதினால் பிள்ளை வீறிட்டு…

அந்த வரியை அடித்துவிட்டேன். குழந்தையைக் கொண்டுவந்தால் நீங்கள் மன்னித்துவிடுவீர்கள். தெரிந்தேதான் கொண்டுவந்தேன்.

ஆறாவது கம்பத்தடியில் ஒரு நெஞ்சுவலிக்காரர்…

இதுவும் புளுகு. அங்கே இருந்தது எழுதுகிறவன் ஒருவன். உடம்பெல்லாம் கல்லுக்குண்டு மாதிரிதான். சத்தம் கேட்டால் எழுத்து ஓடாது, தலை வலிக்கும், அவ்வளவுதான். சைரனைச் சோதிக்கும் மின்பணியாளர் அவன் தங்கை புருஷன்.

"மாப்பிள்ளை, என் கம்பத்தை மட்டும் விட்டுடுங்களேன்."

"அதெப்படி மச்சான்? அது நல்லா இருக்கான்னு பாக்கத்தானே ஊதறோம்."

"ஒரு நிமிஷம் ஊதாட்டா என்ன ஆயிடும்? கையெழுத்து நான்தானே போடறேன்."

மச்சான் பேச்சைத் தட்ட முடியாமல், சோதனை நாளில் மட்டும் ஆறாவது கம்பத்தின் சுவிட்சை அணைத்துவைத்து, பிறகு போட்டுவிடுவார். எட்டு மாதம் அவன் "கேட்டது" என்று எழுதினான். அவன் எழுதியதிலேயே மறுபேச்சில்லாமல் எல்லோரும் நம்பியது அந்த ஒரு சொல்லைத்தான்.

(அவன் என்பது நான். இவ்வளவு தூரம் ஒளிந்துவந்ததற்கு வெட்கப்படுகிறேன்.)

3.

அதே கம்பத்துக்கு எதிரே நிலவறையில் தையல் கடை வைத்திருந்த ஓர் அம்மாவைச் சேர்க்காமல் இதை எழுதிவிட முடியுமா என்று பார்த்தேன். முடியவில்லை. வெள்ளத்துக்கு நாலு நாள் முன்பு, சட்டைக்குப் பொத்தான் வைக்கக் கொடுத்தபோது அவர் கேட்டார்:

"என்ன தம்பி, நம்ம சைரன் இப்பல்லாம் ஊதறதே இல்ல? அது ஊதினாத்தான் மெஷினுக்கு எண்ணெய் விடற ஞாபகம் வரும். இப்ப பாருங்க, கடகடங்குது."

"சத்தத்தைக் குறைச்சிருப்பாங்கம்மா."

"அப்படியா? என் காதுதான் போச்சோன்னு பயந்துட்டேன்" என்று சிரித்தார்.

[இந்த இடத்தில் என்னை உண்மை பேசவைத்து ஒரு வரைவு எழுதினேன். நன்றாகத்தான் இருந்தது. நாலாம் பகுதிக்கு வேலையே இல்லாமல் போனது.]

4.

நாலாம் பகுதி இருக்கிறது.

அன்று மதியம் அணையைத் திறந்தார்கள். நான் வெளியூரில் இருந்தேன். பத்துக் கம்பங்கள் கத்தின, ஆறாவது வாய் திறக்கவில்லை. மற்றவற்றின் சத்தம் அந்த மெஷினின் கடகடப்பைத் தாண்டி நிலவறைக்குள் போகவில்லை. தண்ணீர் வடிந்த பிறகுதான் அவரைத் தூக்கிவந்தார்கள்.

சுவிட்சு போட்டபடிதான் இருந்தது. உள்ளே ஒயரை அணில் கடித்திருந்தது. எப்போது கடித்ததோ, யாருக்குத் தெரியும்? போன மாதம்கூட "கேட்டது" என்று கையெழுத்து இருப்பதால், அதற்குப் பிறகுதான் கடித்திருக்க வேண்டும், யார்மீதும் தவறில்லை என்று விசாரணையில் முடித்துவிட்டார்கள்.

"அணில் தலையிலேயே போகட்டும் மச்சான்" என்றார் மாப்பிள்ளை. அவர் முகம் பேயறைந்தது போல இருந்தது. "நீங்க வாயத் திறந்தா என் வேலை போயிடும். உங்க தங்கச்சியும் புள்ளைங்களும் தெருவுல நிப்பாங்க."

5.

நேற்று தையற்காரம்மாவின் மகள் என் சட்டையைக் கொண்டுவந்தாள். சேறு போகத் துவைத்து, தேய்த்து மடித்திருந்தாள். பொத்தான்கள் ஐந்தும் இருந்தன.

"கையெழுத்துப் போடறவர் நீங்கதானாமே அண்ணா? போன மாசம் நல்லா கேட்டுச்சா?"

முடிவு ஒன்று: "கேட்டதும்மா" என்கிறேன். தங்கை வீட்டில் அடுப்பு எரிகிறது.

முடிவு இரண்டு: "இல்லம்மா, நான்தான்…

(இதற்குமேல் பேனா நகரவில்லை. மூன்று முறை முயன்றேன்.)

இந்தத் தாளில் அவள் இன்னும் என் வாசலில்தான் நிற்கிறாள். எத்தனை நாள் வேண்டுமானாலும் நிற்கவைக்கலாம், எழுதுகிறவனுக்கு அந்த வசதி உண்டு. அவளுக்குக் கால் வலிக்குமே என்றுதான் இதை உங்களிடம் தருகிறேன். இவ்வளவும் உங்கள் காதில் விழுந்துவிட்டது. கீழே உங்கள் கையெழுத்துக்குக் கோடு போட்டுவைத்திருக்கிறேன். என் கையெழுத்தை இனி யாரும் நம்ப வேண்டாம்.

ஆறாவது கம்பம். கேட்டவர்: ……………………