பூட்டில்லாத பெட்டி

சாவிக்காரரால் திறக்க முடியாத பூட்டு இந்தத் தெருவில் இல்லை. இதை ஊர் சொல்வதற்கு முன்னாலேயே அவர் சொல்லிவிடுவார். அலமாரியோ, இரும்புப் பெட்டியோ, உள்ளே குழந்தையை வைத்துக்கொண்டு சாத்திக்கொண்ட குளியலறைக் கதவோ, எதுவானாலும் காதை வைத்துக் கேட்பார், கம்பியை விட்டு ரெண்டு நெம்பு நெம்புவார், "வந்துட்டியா ராசா?" என்பார். பூட்டும் வந்துவிடும். திறந்த பிறகு ஒரு சிகரெட்டைப் பற்றவைத்துக்கொண்டு கூடியிருப்பவர்களை ஒரு பார்வை பார்ப்பார் பாருங்கள், அந்தப் பார்வைக்கே தனியாகக் கூலி கேட்கலாம்.

இருபத்திரண்டு வருஷமாக அந்தச் சிகரெட் நிற்கவே இல்லை. அவருடைய கடையும் அவர் மனைவியின் தையல் மெஷினும் ஒரே அறையில். வாசல் பக்கம் சாவி, சுவர் பக்கம் துணி. சாவிக்காரர் ஊதுவது முழுக்கத் தையல்காரம்மாவின் மூக்குக்குத்தான் போய்ச் சேரும். கடைசியில் அந்த அம்மாவுக்கு மூச்சு இழுக்க ஆரம்பித்தது. ஆஸ்பத்திரியில் மூச்சின் வேகத்தை அளக்கும் ஒரு குழாயைக் கொடுத்து ஊதச் சொன்னார்கள். மூன்று தடவை ஊதியும் முள் இருநூற்று நாற்பதைத் தாண்டவில்லை. அந்த வயசுக்கு அது ரொம்பக் குறைவாம்.

"மாத்திரை தர்றேன், உறிஞ்சற மருந்தும் தர்றேன். ஆனா அந்தப் புகை இருக்கிற அறையில நீங்க இருக்கக் கூடாது. ஒரு மாசம் கழிச்சு மறுபடி ஊதிப் பார்ப்போம்" என்றார் டாக்டர்.

தையல்காரம்மா வீட்டுக்கு வந்து அழவில்லை, கத்தவில்லை. ஊசியில் நூல் கோத்துக்கொண்டே சொன்னார். "ஒரு மாசம். முள் ஏறலைன்னா மெஷினைத் தூக்கிட்டு எங்க அக்கா வீட்டுக்குப் போயிடுவேன். கோபமா சொல்லலை. மூச்சு விடணும், அவ்வளவுதான்."

சாவிக்காரர் வாயிலிருந்த சிகரெட்டை எடுத்து அணைத்தார். ஆனாலும் வாய் குறையுமா? வாசலில் நின்று எல்லார் காதிலும் விழும்படி அறிவித்தார். "இன்னையோட விட்டாச்சு!"

"இதோட எத்தனாவது இன்னை தம்பி?" என்று மேலேயிருந்து கேட்டார் மாடிவீட்டு அக்கா. தெருவில் ஈ பறந்தாலும் அவருக்குத் தெரியாமல் பறக்காது.

வேறு யாராக இருந்தாலும் பாக்கெட்டைக் குப்பையில் போட்டிருப்பார்கள். இவர் தொழில்காரர் அல்லவா? பத்து சிகரெட்டையும் ஓர் இரும்புப் பெட்டியில் வைத்தார், பூட்டினார், சாவியை மனைவியிடம் கொடுத்தார். பெட்டிக்கடைக்காரரிடமும் போய், "நான் வந்து கால்ல விழுந்தாலும் கொடுக்காதே" என்று சொல்லி வைத்தார். தையல்காரம்மா சாவியை அளவு நாடாவோடு சேர்த்துக் கழுத்தில் போட்டுக்கொண்டார். எல்லாம் பக்காதான். அந்தப் பூட்டைத் திறக்கத் தெரிந்த ஆள் அதே அறையில் உட்கார்ந்திருப்பதை மட்டும் யாரும் யோசிக்கவில்லை.

மூன்றாம் நாள். ஒரு பழைய பீரோ பூட்டு ஒரு மணி நேரமாகத் தண்ணி காட்டியது. விரல் நமநமத்தது. 'நம்ம பெட்டிப் பூட்டு உறுதியா இருக்கான்னு சும்மா பார்ப்போம்' என்று கம்பியை விட்டார். நாற்பது விநாடிதான். திறந்த பிறகு சும்மா மூடினால் நன்றாகவா இருக்கும்? கொல்லைப்பக்கம் போய் ஒன்று ஊதிவிட்டு, பல் விளக்கிவிட்டு, ஒன்றும் தெரியாத பிள்ளை மாதிரி வந்து உட்கார்ந்தார்.

தையல்காரம்மா மெஷினை நிறுத்தினார். கழுத்துச் சாவியால் பெட்டியைத் திறந்தார். ஒன்பது.

"பூட்டு சரியில்லைங்களா?"

"ஆமாம்மா, மட்டமான பூட்டு. வேற வாங்கிட்டு வரேன்."

வாங்கி வந்தது ஏழு லீவர் பூட்டு, தேங்காய் கனம். அது நாலு நாள் தாங்கியது. எட்டாம் நாள் அது திறந்துகொண்டபோது அவர் போட்ட "அட்றா!" மாடி வரைக்கும் கேட்டது. அக்கா தலையை நீட்டுவதற்குள் ரெண்டு சிகரெட் காலி. மீதி ஏழு.

"கடைப் பூட்டுல என்ன இருக்கு? நானே செய்யறேன் பார். செஞ்சவனாலேயே திறக்க முடியாத பூட்டு!" என்றார் மனைவியிடம்.

பத்துப் பன்னிரண்டு நாள் அரமும் கையுமாக உட்கார்ந்தார். வேடிக்கை என்னவென்றால், அத்தனை நாளும் சிகரெட் நினைப்பே அவருக்கு வரவில்லை. அதை யாரும் கவனிக்கவில்லை, அவரும்தான். இருபதாம் நாள் பூட்டு தயாரானது. பூட்டினார். பூட்டிய கையோடு கம்பியை எடுத்தார்.

இருபத்து நாலாம் நாள் சாயங்காலம் அந்தப் பூட்டு 'டொக்' என்றது. சாவிக்காரர் பற்றவைக்காத சிகரெட்டை வாயில் வைத்துக்கொண்டே துள்ளி எழுந்தார்.

"ஏம்மா! திறந்துட்டேன்! என் பூட்டையே நான் திறந்துட்டேன்!"

தையல்காரம்மா முதலில் சிரித்துவிட்டார். சிரிப்பு இருமலாயிற்று. இருமல் நிற்கவே இல்லை. மெஷினைப் பிடித்துக்கொண்டு குனிந்து குனிந்து இருமினார். சாவிக்காரர் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். வாயிலிருந்த சிகரெட் அதற்குள் எங்கோ விழுந்திருந்தது.

மூச்சு வந்ததும் அந்த அம்மா சொன்னார். "நீங்க சிகரெட்டோட சண்டை போடலைங்க. பூட்டோட சண்டை போடறீங்க. அதுல ஜெயிச்சுக்கிட்டே இருக்கீங்க. இதுல நான் எங்க இருக்கேன்?"



சாவிக்காரர் கீழே கிடந்த சிகரெட்டைத் தேடி எடுத்துத் துடைத்துப் பெட்டியில் போட்டார். ஏழு. பிறகு அந்த அருமையான பூட்டைக் கழற்றி ஆணியில் மாட்டினார். பெட்டியின் மூடியை விரியத் திறந்து மேஜைமேல் வைத்துவிட்டார். மனைவி கழுத்திலிருந்த சாவியையும் கேட்டு வாங்கிக்கொண்டார்.

"என்னங்க இது?"

"இருக்கட்டும்."

தேதிக்கு இன்னும் ஆறு நாள்.

முதல் ஒரு மணி நேரம் அவருக்கு உயிர் போய் உயிர் வந்தது. இதுவரைக்கும் பூட்டு தோற்றுப்போயிற்று என்று சொல்ல ஒரு பூட்டு இருந்தது. இப்போது நெம்ப ஒன்றுமில்லை, கேட்க ஒரு சத்தமும் இல்லை. கையை நீட்டினால் சிகரெட், அவ்வளவுதான். நீட்டினால் அது அவர் கை. வேறு யார் தலையிலும் கட்ட முடியாது. தன் கையை அவர் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இத்தனை வருஷத்தில் அந்தக் கையை வேலை இல்லாமல் பார்த்தது அதுதான் முதல் தடவை.

ஆசை வந்தது. வந்து உட்கார்ந்தது. இங்கே நடக்காத வேலையைக் கேட்டு வந்த ஆளிடம் பேசுவது போல, "இல்லப்பா, முடியாது" என்று வாய்விட்டே சொன்னார். கொஞ்ச நேரம் முனகிவிட்டு எழுந்து போயிற்று. அன்றைக்கு மட்டும் நாலு தடவை வந்தது. மறுநாள் அஞ்சு. அதற்கு மறுநாள் மூணு.

அன்றுதான் பெட்டிக்கடைக்காரரின் ஷட்டர் பூட்டு இறுகிக்கொண்டது. சாவிக்காரர் போய் ரெண்டே நெம்பில் திறந்தார். கூட்டம் கைதட்டியது. அந்தச் சந்தோஷத்தில் கடைக்காரர் தாமே வாக்கை மறந்து ஒரு சிகரெட்டை நீட்டினார்.

"பிடிங்கண்ணே! திறந்ததும் பத்தவைக்கலைன்னா உங்களுக்கு என்ன அழகு? ஒண்ணே ஒண்ணு. அண்ணிகிட்ட மூச்சு விடமாட்டேன்."

அந்த வாசனை மூக்கில் ஏறியது. தெருவே அவர் விரலைப் பார்த்தது. மாடிவீட்டு அக்கா ஜன்னல் கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"என் மேஜை மேலேயே ஏழு கிடக்குதுப்பா, பெட்டி திறந்துதான் கிடக்கு" என்றார் சாவிக்காரர். "வேணும்னா எடுத்திருக்க மாட்டேனா?"

சொல்லிவிட்டுக் கம்பியைப் பையில் போட்டுக்கொண்டு நடந்தார். நடையைப் பார்த்தீர்களானால், ஊர் கஜானாவைத் திறந்தவன்கூட அப்படி நடந்திருக்க மாட்டான்.

முப்பதாம் நாள் ஆஸ்பத்திரியில் தையல்காரம்மா ஊதினார். முள் முந்நூற்றுப் பத்தில் போய் நின்றது. மருந்தும் நன்றாக வேலை செய்திருக்கிறது என்றார் டாக்டர். அதைச் சாவிக்காரர் காதில் வாங்கிக்கொண்டதாகத் தெரியவில்லை. தெருமுனையிலிருந்தே, "முந்நூத்திப் பத்து! முந்நூத்திப் பத்து!" என்று சொல்லிக்கொண்டே வந்தார், தானே ஊதியது போல. பின்னால் வந்த தையல்காரம்மாவுக்கு வெட்கமும் சிரிப்பும். சிரித்தார். இருமல் வரவில்லை.

மெஷின் இடம் மாறவில்லை. பெட்டியும் இன்னும் அதே மேஜையில் வாயைப் பிளந்துகொண்டுதான் இருக்கிறது. பூட்டு ரிப்பேருக்கு வருபவர்கள், "இதுக்குப் பூட்டு எங்கே?" என்று கேட்டால், ஆணியில் தொங்குவதைக் காட்டி, "அது இப்படித் திறந்து கிடக்கறதைவிட மட்டம்" என்பார்.

மாடிவீட்டு அக்கா வாரத்துக்கு ஒருமுறை சாவி ஏதோ மக்கர் பண்ணுகிறது என்று இறங்கி வருவார். சாவிக்கு ஒன்றும் இருக்காது. கண் மட்டும் பெட்டிக்குள் போகும். சாவிக்காரர் தலை நிமிராமல், பெட்டியை அக்கா பக்கம் ஒரு சாண் நகர்த்தி வைப்பார், எண்ணுவதற்கு வசதியாக.