சாமான்களுக்குக் கீழே மணல்

கெடிலம் ஆறு கரையை அறுத்து வீட்டை விழுங்கிய மறுநாள், செபாஸ்டின் தன் மனைவி செசிலியாவோடு டிராக்டரில் நெய்வேலிக்கு வந்து சேர்ந்தான். வரச் சொன்னவன் தம்பி ஜாஸ்பர். குவார்ட்டர்ஸின் முன்னறையை அவர்களுக்காக ஒழித்து வைத்திருந்தான்.

டிரெய்லரில் கட்டில், பீரோ, அடுப்பு, அம்மாவின் கல்லறையில் நின்ற மரச் சிலுவை. ஜாஸ்பர் ஏறிக் கட்டிலைத் தூக்கியபோது கால் ஈர மணலில் புதைந்தது. சாமான்களுக்குக் கீழே டிரெய்லர் முழுக்க மணல்.

"என்னாண்ணே இது?"

"காலியாவா வரச் சொல்ற? ஒரு லோடு போட்டுக்கினு வந்தேன். வூடு கட்றவன் எவனாச்சும் வாங்குவான்."

வருஷக் கணக்காகச் செபாஸ்டின் தன் வீட்டுக்குப் பின்னாலேயேதான் ஆற்று மணல் அள்ளினான். தூரம் போக வேண்டாம், யார் கண்ணிலும் படாது. முதலில் கக்கூஸ் சரிந்தது. அப்போதும் அவன் ஆற்றைத்தான் திட்டினான்.

"இத எங்க அள்ளுன?"

"ஆத்தங்கரைக் கல்லறைத் தோட்டத்துல. அம்மாவோடது நேத்தே சரிஞ்சி வுழுந்துடுச்சி. அங்கதாண்டா மணலு சலிச்ச மாதிரி இருக்குது."

ஜாஸ்பர் கட்டிலை அப்படியே விட்டான். கீழே குதித்தான். காலில் ஒட்டியிருந்ததைத் தட்டிவிடக்கூடக் கை கூசியது.

"அண்ணி, சிலுவைய எடுத்துக்கினு நீங்க உள்ள போங்க."

"டேய், அப்ப நானு?"

"அம்மாவ எங்க அள்ளுனியோ அங்கயே கொட்டிட்டு வா."

செபாஸ்டின் டிராக்டரைப் பார்த்தான், தம்பியைப் பார்த்தான்.

"டீசல் யாரு போடுவா?"

ஜாஸ்பர் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டான்.