கட்டைவிரலுக்கு ஒரு முகூர்த்தம்

சித்திரை வரைக்கும் காளியண்ணனால் லாரி ஹாரன் பொத்தானை அழுத்த முடிந்தது. வைகாசியில் முடியவில்லை. தனபால் அதைக் கழற்றிவிட்டு, கேபின் கதவைத் திறந்தால் விளக்கு எரிவதற்காக வைத்திருப்பார்களே, அந்தச் சின்ன சுவிட்சைப் பொருத்தினான். ஆனி பிறந்ததும் அதுவும் கனத்தது. பால்பாயிண்ட் பேனா ஒன்றைப் பிரித்து, ஸ்பிரிங்கை எடுத்து, பாதியாக வெட்டிப் போட்டான். கோயமுத்தூர் ஆஸ்பத்திரியில் நாலு பக்கத்துக்கு ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்திருந்த சமாசாரத்தைத் தனபால் மூன்று ஸ்பிரிங்குகளில் படித்து முடித்திருந்தான்.

தனபால் நாமக்கல்லில் லாரிக்கு பாடி கட்டும் பட்டறை ஒன்றில் எலக்ட்ரீசியன். காளியண்ணன் அவன் தங்கை சரிதாவின் புருஷன். பத்தொன்பது வருஷம் லாரி ஓட்டியவர். தாவணகெரேயிலிருந்து கோழித் தீவனத்துக்கு மக்காச்சோளம் ஏற்றிக்கொண்டு மாசத்தில் ஐந்தாறு தடவை தொப்பூர் கணவாயை இறங்கியவர். எவனாவது ஒருவன் பிரேக் பிடிக்காமல் கவிழ்ந்து கிடக்கிற இறக்கம் அது. காளியண்ணன் அங்கே ஒரு சைடு லைட்டைக்கூட உடைத்ததில்லை. இரண்டு வருஷத்துக்கு முன்னால் அதே இறக்கத்தின் தலைப்பில், கியர் போடப் போன கை கியரின் மேலேயே படுத்துக்கொண்டது. ஓரங்கட்டி நிறுத்தி, கிளீனரிடம் ஸ்டியரிங்கைக் கொடுத்துவிட்டு இந்தப் பக்கம் வந்து உட்கார்ந்தார். அப்புறம் டிரைவர் சீட்டில் ஏறவில்லை.

நரம்புகள் ஒவ்வொன்றாகத் தசையைக் கைவிடுகிற நோய். மருந்து கிடையாது. கால் போயிற்று, கை போயிற்று, கழுத்தில் பாதி போயிற்று. “வாய்கிட்ட வர நோய்க்கே பயமாட்ட இருக்குது” என்பாள் சரிதா.

கம்ப்யூட்டரில் லாரி ஓட்டும் விளையாட்டு ஒன்று உண்டு. வேலைவெட்டி இல்லாத எந்தப் புண்ணியவானோ சேலம் - தருமபுரி சாலையை வளைவு பிசகாமல் வரைந்து அதில் சேர்க்கும்படி இணையத்தில் போட்டிருந்தான். தனபால் அதை இறக்கிக் கொடுத்தபோது காளியண்ணன் அரை மணி நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார்.

“ஒருக்கா, ஒரே ஒருக்கா, கீழ வரைக்கும் நானே எறக்கி நிறுத்தோணும் மாப்ள. அப்பறம் எது போனாலும் போகுது.”

சாதாரண கேம் ரிமோட் ஒன்றைப் பிளந்து, உள்ளேயிருந்து ஒயர் இழுத்து, தனபால் அந்த ஹாரன் பொத்தானில் ஆரம்பித்து ஒவ்வொரு சுவிட்சாக மாட்டத் தொடங்கியது அன்றைக்குத்தான். பிரேக் சிக்கலில்லாமல் அமைந்தது. நெற்றியில் எலாஸ்டிக் பட்டை கட்டி அதில் ஒரு மெல்லிய சுவிட்ச். புருவத்தை உயர்த்தினால் பிரேக். ஒவ்வொரு தடவை பிரேக் பிடிக்கும்போதும் காளியண்ணன் உலகத்தைப் பார்த்து அசந்துபோனவர் மாதிரி இருந்தார். ஸ்டியரிங்தான் படியவில்லை. சுவிட்சுக்கு ஆன், ஆஃப் இரண்டுதான் தெரியும். ‘கொஞ்சம்’ என்றால் தெரியாது. இடது பொத்தானைத் தொட்டால் லாரி முழுக்க இடது, வலதைத் தொட்டால் முழுக்க வலது. முதல் வளைவிலேயே பள்ளம். நாற்பது தடவை பள்ளம்.

வெளிநாட்டில் இதற்கென்றே ஒரு பெட்டி செய்கிறார்கள். மேலே இரண்டு பெரிய பொத்தான்கள், பின்பக்கம் வரிசையாகத் துளைகள். ஒவ்வொன்றிலும் ஒரு சுவிட்சைச் சொருகி, உடம்பில் எங்கே அசைவு மிச்சமோ அங்கே வைத்துக்கொள்ளலாம். கூடவே ஒரு குட்டி ஸ்டிக். ஊதினால் அசையும், கொஞ்சம் தள்ளினால் கொஞ்சம் திரும்பும். காளியண்ணனின் வலது கட்டைவிரலில் அப்போது அரை அங்குல அசைவு இருந்தது. விரலுக்கு ஸ்டியரிங், புருவத்துக்கு பிரேக், ஆக்சிலேட்டரைக் கம்ப்யூட்டர் பார்த்துக்கொள்ளும். ஆனி முடிவதற்குள் பெட்டி வந்தால் ஆகும்.

ஆனி முடிவதற்குள் பெட்டி வந்துவிட்டது. வந்தது ‘தாங்கும் கரங்கள்’ அறக்கட்டளைத் தலைவர் தீனதயாளன் அலுவலகத்துக்கு.

தீனதயாளன் தீவன ஆலை அதிபர். ‘சேவைச் செம்மல்’ என்று பெயருக்கு முன்னால் போடாத நோட்டீசைக் கண்ணாடி போட்டும் படிக்க மாட்டார். தலைவர் ஆன நாளிலிருந்து மேடைத் தமிழ்தான். வீட்டில் சட்னி கேட்பதும் அதில்தான். தனபாலின் மனுவுக்கு மனமிரங்கிப் பெட்டியை வரவழைத்தவர் அவரே என்பதையும் சொல்லிவிட வேண்டும். இரங்கிய மனம் பெட்டியைப் பிரிக்காமல், வழங்கும் விழா வரைக்கும் என்று, கேடயங்களுக்கு நடுவே கண்ணாடி அலமாரியில் வைத்திருந்தது.

“ஏனுங்க, இப்பக் குடுத்தீங்கன்னா மாட்டிப் பழக்கீருவேனுங்க” என்றான் தனபால். “விழா அன்னிக்கு மறுக்காக் கொண்டாந்து மேடையில வெச்சுக்கலாமுங்க.”

“கொடுத்ததையே எப்படித் தம்பி கொடுப்பது? பயனாளியின் கண்களில் அந்த முதல் மகிழ்ச்சி மலர வேண்டாமா? அதைத்தானே நாம் ஆவணப்படுத்துகிறோம்?”

“வெரலு போய்க்கிட்டே இருக்குதுங்க.”

“நம்பிக்கையைக் கைவிடக் கூடாது.”

“நம்பிக்கையக் கைவிடலீங்க. கைதான் விட்டுட்டிருக்குது.”

தீனதயாளன் இதைக் கேட்டு மிகவும் ரசித்தார். செயலாளர் குணசீலனைக் கூப்பிட்டு, விழா உரைக்கு ஆகும், எழுதி வையுங்கள் என்றார்.

தலைமை விருந்தினர் சிங்கப்பூரில் இருந்தார். அவர் திரும்பி வந்தபோது ஆடி பிறந்துவிட்டது. தனபால் மறுபடியும் போய் நின்றான். இந்தத் தடவை தீனதயாளனுக்கு மேடைத் தமிழ் கழன்றுவிட்டது.

“அட, ஆடியில எவனாச்சும் புதுப் பொருளக் கையில வாங்குவானா? உங்க மாமனுக்கே ஆவாதப்பா! அப்பறம் எதாச்சு ஒண்ணு ஆயிப்போச்சுன்னா?”

ஆவதற்கு இன்னும் என்ன பாக்கி இருக்கிறது என்று தனபால் கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து சொன்னான். காளியண்ணன் சிரித்தார்.

“ஆடிக்குப் புதுசாக் கட்டுன சோடியத்தான் பிரிச்சு வெப்பாங்க. என்னையும் அந்தப் பொட்டியையும் ஏன்டா பிரிச்சு வெக்கறாங்க? ஏ சரிதா, சாக்கிரதையா இருந்துக்க. பெருசா என்னமோ ஆகும்னு பயப்படறாங்க.”

“கெடக்கற கெடையில பேச்சப் பாரு” என்றாள் சரிதா. முட்டைப் பண்ணைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவள் திரும்பி வந்து அவர் தலையை நேராக வைத்துவிட்டுப் போனாள்.

ஆவணி வந்தது. முகூர்த்த நாளில் மண்டபம் கிடைக்கவில்லை. மண்டபம் கிடைத்த நாளில் முகூர்த்தம் இல்லை. ஞாயிற்றுக்கிழமைதோறும் தனபால் ஒரு இழை நூலைக் காளியண்ணனின் கட்டைவிரலில் மாட்டி அசைக்கச் சொல்லிப் பார்த்தான். கால் அங்குலம். ஒரு நெல் அளவு. அப்புறம் நூல் ஆடுவது விரலாலா, மின்விசிறியாலா என்று சந்தேகம் வந்து மின்விசிறியை நிறுத்தினான். நூலும் நின்றது.

ஆவணி கடைசி வாரத்தில், நல்ல நேரம் பத்தேகால் முதல் பதினொன்றேகால் வரை, விழா.

பேனரில் தீனதயாளனும் தலைமை விருந்தினரும் ஆள் உயரத்துக்கு நின்றார்கள். காளியண்ணனின் முகம், டிரைவிங் லைசென்சிலிருந்து எடுத்தது, கீழே வலது ஓரத்தில் ஒரு வட்டத்துக்குள் இருந்தது. பெட்டிக்குப் பூமாலை. இரண்டு கறுப்புப் பொத்தான்களிலும் சந்தனம் அப்பி நடுவில் குங்குமம். சக்கர நாற்காலியின் டயருக்கடியில் எலுமிச்சம்பழம் வைக்கலாமா என்று குணசீலன் கேட்டார்.

“வெய்யிங்க” என்றார் காளியண்ணன். “வரி கட்டோணுமான்னும் கேட்டுச் சொல்லுங்க.”

தனபாலுக்கு ஐந்து நிமிஷம் கொடுத்தார்கள். முழங்கைக்குக் கீழே எவ்வளவு உயரத்தில் தலையணை, மணிக்கட்டு எந்தச் சாய்வில் என்று பார்க்கவே அவனுக்கு இரண்டு மணி நேரம் ஆகும். ஸ்டிக்கைக் கட்டைவிரலுக்கு அடியில் வைத்தான். அது அசைந்தால்தான் லாரி புறப்படும். நூல் நின்று பதினோரு நாள் ஆகியிருந்தது. தெரியும். தெரிந்திருந்தும், மேடையில், இத்தனை பேர் முன்னால், ஏதாவது நடந்துவிடும் என்று காலையிலிருந்து ஒரு மடத்தனமான எண்ணம் அவனுக்குள் ஓடிக்கொண்டிருந்தது.

“இதோ!” என்றார் தீனதயாளன் ஒலிபெருக்கியில். “நம்பிக்கையை அவர் கைவிடவில்லை, கை மட்டுமே விட்டது! இன்று தாங்கும் கரங்கள் தாங்க, காளியண்ணன் அவர்கள் மீண்டும் லாரி ஓட்டப் போகிறார்!”

பெரிய திரையில் லாரி நின்றது. காளியண்ணன் விரலைப் பார்த்தார். தனபால் விரலைப் பார்த்தான். லாரி நின்றுகொண்டே இருந்தது. கைதட்டத் தயாராக இருந்த கைகள் அந்தரத்தில் காத்திருந்தன.

தலைமை விருந்தினர் சமயோசிதம் உள்ளவர். குனிந்து, காளியண்ணனின் கையின் மேல் தன் கையை வைத்து, பொத்தானையும் ஸ்டிக்கையும் சேர்த்து அழுத்தினார். லாரி சீறிப் புறப்பட்டு, சாலைத் தடுப்பின் மேல் ஏறி, விளக்குக் கம்பத்தில் மோதியது. மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது. வீடியோக்காரர் இன்னொரு தடவை கேட்டார். இன்னொரு விளக்குக் கம்பமும் போயிற்று.

“மாப்ள,” என்று காளியண்ணன் மெதுவாகச் சொன்னார், “இந்தாளுக்கு எவன்டா லைசென்ஸ் குடுத்தான்?”

வீட்டுக்கு வந்ததும் தனபால் பழைய பல் தேய்க்கும் பிரஷ்ஷை வைத்துப் பொத்தானின் இடுக்கிலிருந்த சந்தனத்தைச் சுரண்டினான். பிறகு வேலையில் இறங்கினான். கால் பெருவிரலில் பார்த்தான், இல்லை. உதட்டில் பார்த்தான், பேசும்போதெல்லாம் லாரி ஆடியது, காளியண்ணனோ பேசாமல் இருக்கிறவர் அல்ல. கடைசியில் ஒரு இரும்புக் குழாயை வளைத்துக் கட்டிலில் திருகி, அதன் நுனியில் ஸ்டிக்கை முகவாய்க்கு நேராக நிறுத்தினான். கழுத்து இடது பக்கம் ஒரு விரற்கடை அசைந்தது. வலது பக்கம் அசையவில்லை. அந்தப் பக்கத்துத் தசை எப்போது போயிற்று என்று அவன் குறித்து வைத்திருக்கவில்லை, விரலையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டான்.

“ஒரு பக்கந்தானுங் மாமா திரும்புது.”

“கட்சிக்காரனாட்ட” என்றார் காளியண்ணன். “சரி, எடு. பாக்கலாம்.”

சாயங்காலம் ஐந்து மணிக்குத் திரையில் மக்காச்சோள லாரி கணவாயின் தலைப்பிலிருந்து புறப்பட்டது. முதல் வளைவு இடது. காளியண்ணன் முகவாயை நகர்த்தினார். லாரி கோடு போட்டது மாதிரி திரும்பியது. புருவம் ஏறியது, வேகம் குறைந்தது. பத்தொன்பது வருஷ டிரைவர் அந்தத் திரைக்குள் உட்கார்ந்திருந்தார்.

அடுத்த வளைவு வலது. லாரி திரும்பியது. அதற்கடுத்ததும் வலது. திரும்பியது.

“மாப்ள.”

“சொல்லுங்க மாமா.”

“என்ர கழுத்து வலத்தால திரும்பறதில்லயே.”

கட்டிலின் தலைமாட்டுக்குப் பின்னால் நின்றிருந்த தனபால் கையை இன்னும் கீழே இறக்கினான்.

“வண்டி மட்டும் எப்புடிடா திரும்புது? கைய எடு.”

தனபால் ஒளித்து வைத்திருந்த பழைய ரிமோட்டைக் கட்டிலின் மேல், அவர் கண்ணில் படும்படி வைத்தான்.

“உன்ர கை படக் கூடாது. கவுந்தாலும் நாந்தான் கவுக்கோணும்.”

மூன்றாவது வலது வளைவு வந்தது. முகவாய் ஸ்டிக்கில் நடுங்கியது, நகரவில்லை. இடது பக்கம் பள்ளம், அதற்கு முன்னால் ஒரு முழ உயரத் தடுப்புச்சுவர். காளியண்ணனின் புருவங்கள் நெற்றியின் உச்சிக்கு ஏறின. லாரி இழுத்துக்கொண்டே போய், முன் சக்கரம் சுவரைத் தொடப் பார்த்து, குறுக்காக நின்றது. மேலேயிருந்து வந்த பஸ்ஸும் லாரிகளும் பின்னால் வரிசை கட்டி ஹாரன் அடித்தன.

“என்னுங் அது, அத்தன ஹாரனு?” என்று சமையலறையிலிருந்து சரிதா கேட்டாள்.

“டிராபிக்குடி. நாந்தான் நிறுத்தி வெச்சிருக்கறேன்.” புருவத்தை இறக்காமலே கேட்டார்: “கீழ எத்தன தூரம் மாப்ள?”

“மூணு கிலோமீட்டருங் மாமா.”

“வலது எத்தன?”

தனபால் வரைபடத்தைப் பார்த்தான். “எட்டுங்.”

இறக்கத்தில் பாரத்தோடு நிற்கிற வண்டி. புருவம் இறங்கினால் பிரேக் விடும். நெற்றியில் வியர்வை அரும்பி, எலாஸ்டிக் பட்டை நனைந்தது. இடது புருவம் துடிக்க ஆரம்பித்தது.

“ஹேண்ட் பிரேக் போடட்டுங்களா மாமா?”

“அது டிரைவரு வேல.” மூச்சு வாங்கினார். “நீ கீழ எறங்கிக் கல்லுப் போடு.”

இறக்கத்தில் லாரி நின்றால் கிளீனர் குதித்து இறங்கி, ஒரு கல்லைத் தேடி டயருக்கு முட்டுக் கொடுப்பான். டிரைவர் கொடுக்காமல் ஸ்டியரிங்கைத் தொட உரிமையில்லாதவன் செய்யலாம் என்கிற ஒரே வேலை. தனபால் பெட்டியைப் பார்த்தான். கீபோர்டைப் பார்த்தான். வைப்பருக்குப் பொத்தான் இருந்தது. கண்ணாடியை இறக்குவதற்கு, ரேடியோவுக்கு, கேபினுக்குள் சின்ன விளக்குக்குக்கூட இருந்தது. கல்லுக்கு இல்லை. அமைப்புப் பக்கத்தைத் திறந்து, ஆங்கிலத்தில் இருந்ததையெல்லாம் ஒவ்வொன்றாக எழுத்துக் கூட்டிக்கொண்டு கீழே போனான்.

“சீக்கிரம்டா.”

“தேடறனுங் மாமா.”

வலது புருவம் இறங்கிவிட்டது. இடது ஒன்றில் மட்டும் லாரி நின்றது.

“போட்டியா?”

“தேடறனுங் மாமா” என்றான் தனபால். லாரி நகர்ந்தது.