டெல்மரின் நகங்கள்

"இறுக்கிப் பிடி ஆர்டித், பாதிரியார் வந்துட்டா மூடிருவாங்க!"

ரோஸ்கோ சவப்பெட்டியின் மேல் குனிந்து, டெல்மரின் வலது ஆள்காட்டி விரலில், பான்ஜோக் கம்பிகளை மீட்ட மாட்டிக்கொள்ளும் எஃகு நகத்தைத் திணித்துக்கொண்டிருந்தான். அது முதல் கணுவைத் தாண்ட மறுத்தது. ஆர்டித் தன் கணவன் டெல்மரின் மணிக்கட்டைப் பிடித்திருந்தாள். கென்டக்கி மலைகளின் நவம்பர் குளிர் மொத்தமும் அந்தக் கையில் இருந்தது.

"டேய் டெல்மர், செத்தும் பிடிவாதமாடா?"

இருபது வருடமாக டெல்மரின் பக்கத்தில் நின்று மாண்டலின் வாசித்தவன் ரோஸ்கோ. அழுவதைவிடத் திட்டுவது அவனுக்குச் சுலபம். பான்ஜோக்காரனை நகமில்லாமல் புதைக்கக் கூடாது என்று அவன்தான் ஒற்றைக் காலில் நின்றான். ஆர்டித்தின் அப்பா விட்டுப்போன அந்தப் பழைய பான்ஜோவின் பெட்டியைத் துழாவி, மூன்று நகங்களை எடுத்து வந்திருந்தான்.

"இதை மாட்டிக்கிட்டுதான் ரெக்கார்டு பண்ணான்."

குழுவின் முதல் இசைத்தட்டு. டெல்மர் காலைச் சாப்பாட்டு மேசையில் சரிந்த மறுநாள் பார்சலில் வந்து இறங்கியது. அட்டையில் நான்கு ஆண்கள். நடுவில் பான்ஜோவை அணைத்தபடி டெல்மர்.

"ரேடியோல கேட்டியா? பதினோரு நிமிஷப் பாட்டு, நிறுத்தாம போட்டான். எலெக்ட்ரிக் கிட்டாரை வெச்சுக்கிட்டு இது நம்ம மலைப் பாட்டு புளூகிராஸா, குதிரைக்குக் கொம்பான்னு மேடைக்குக் கீழ நின்னு கத்துனானே ஒரு கிழவன்? அவனே நேத்து போன் பண்ணி அழறான். பான்ஜோ வாசிச்ச கைக்கு முத்தம் குடுக்கணுமாம்."

ஆர்டித் அந்தக் கையைப் பார்த்தாள்.

"ஸ்டூடியோவுக்கு வர மாட்டேன், டேப் மெஷினைக் குடுத்துட்டுப் போங்கடான்னான். தட்டு வர்ற வரைக்கும் மேடையும் வேணாம்னுட்டான். மூணு நாள் கதவைச் சாத்திக்கிட்டான். நீ மட்டும்தானே கூட இருந்த? எப்படி வாசிச்சான், சொல்லேன்."

"நான் என்னத்தக் கண்டேன்? காபி போட்டுக் குடுத்துக்கிட்டு இருந்தேன்."

"குடுத்துவெச்சவ." மூக்கைத் துடைத்துக்கொண்டான். "வசந்தத்துல ஊர் ஊரா போறதா இருந்தோம். அந்த வாசிப்புக்கு இனி எவன் இருக்கான்? குழுவைக் கலைச்சிடலாம்னு பேசிட்டோம்."

அவள் வாயைத் திறந்தாள். டெல்மரின் முகம் கண்ணில் பட்டது. மூடிக்கொண்டாள்.

"இரு, வண்டியிலேர்ந்து குறடு எடுத்தாறேன். கொஞ்சம் விரிச்சா ஏறிடும்."

"வளைக்காத!"

சமையலறையில் கோழி வறுவல் தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்த பெண்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"குடு ரோஸ்கோ," என்றாள், குரலைத் தாழ்த்தி. "என்கிட்டயே இருக்கட்டும்."

பாதிரியார் வந்தார். மூடி விழுந்தது.

அவர்கள் தேவாலயத்தில் வாத்தியத்துக்கு இடமில்லை, வெறும் தொண்டைதான். பாதிரியார் ஒரு வரி சொல்ல, சனம் அதை இழுத்து இழுத்துப் பாடியது. ரோஸ்கோ இசைத்தட்டை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்து நின்றான். ஆர்டித் பாடவில்லை. வலது கையைக் கோட்டுப் பைக்குள் விட்டிருந்தாள்.

ரெக்கார்டு பண்ணுவதற்கு முன்பே, போன குளிர்காலத்திலேயே டெல்மரின் வலது கை விரல்கள் மரத்துப்போயிருந்தன. சட்டைப் பொத்தான் போட்டுவிட்டதும் அவள்தான். யாருக்கும் தெரிய வேண்டாம் என்று அவன் ஒரே ஒரு முறை கேட்டான்.

பைக்குள் மூன்று நகங்களும் ஒவ்வொன்றாக அவள் விரல்களில் ஏறின. அவள் விரலுக்கென்று அவளே வளைத்தவை. ஆடாமல் அசையாமல் பொருந்தின.

அந்த மூன்று நாளும், இடது கையால், சிந்திச் சிந்திக் காபி போட்டுக் கொடுத்தது டெல்மர்.