முடிஞ்சதும் ஒரு குரல்

"அந்தப் பிளக்க மட்டும் தொடாதீங்க," என்று அருணாதேவி சொன்னபோது பெட்டிக்காரரின் கை சுவிட்ச் போர்டுக்குப் போயிருந்தது. ஐஸ் பெட்டியை நாலு பேராகச் சேர்ந்து அப்போதுதான் கூடத்தில் இறக்கியிருந்தார்கள். அவள் புருஷன் முருகவேல் இன்னும் உள் அறைக் கட்டிலில், விடியற்காலையில் படுத்த மேனிக்கே கிடந்தார். கூடத்தில் உருப்படியான பிளக் பாயிண்ட் ஒன்றுதான் உண்டு. அதில் அவருடைய வீடியோ கேம் மிஷின் ஓடிக்கொண்டிருந்தது.

"இதுலதாம்மா எர்த் இருக்குது. ஜங்ஷன் பாக்ஸ்ல போட்டா பெட்டி கூலிங் புடிக்காது," என்றார் பெட்டிக்காரர்.

"கிச்சன்ல பிரிட்ஜுக்குப் போட்ட பாயிண்ட் இருக்குது. அதுல போட்டுக்கோங்க."

"வயர் எட்டாது."

"பெட்டிய இப்டி நகத்துங்க, எட்டும்."

அவளே போய் பிரிட்ஜ் பிளக்கைப் பிடுங்கிப் போட்டாள். உள்ளே நேற்று ஆட்டிய மாவு ஒரு குண்டான் நிறைய இருந்தது, பால் இருந்தது. பொங்கி வழியட்டும், கெட்டுப் போகட்டும் என்று கதவைச் சாத்தினாள். பெட்டியை நகர்த்தினால் தலை கிழக்கே போகிறது என்று நாத்தனார் சரோஜா ஆட்சேபித்தாள். அவள் தம்பி செத்த சேதி கேட்டு முதல் பஸ்ஸில் கீழ்பென்னாத்தூரிலிருந்து வந்தவள். தலை தெற்கே இருக்க வேண்டும், ஒயர் அடுப்படிக்கு எட்ட வேண்டும் என்று திருப்பித் திருப்பிப் பார்த்ததில் பெட்டி கடைசியில் அடுப்படி வாசலில் பாதியை அடைத்துக்கொண்டு நின்றது. அப்புறம் நாள் முழுக்க டீ எடுக்கப் போனவர்கள் எல்லோரும் முருகவேலின் கால்மாட்டில் வயிற்றை எக்கிக்கொண்டுதான் போய் வந்தார்கள்.

"அந்தக் கருமத்த நிறுத்தித் தொலைச்சா இவ்ளோ ரோதன இல்ல," என்றாள் சரோஜா.

டிவியை அணைத்து அதன்மேல் ஒரு வேட்டியைப் போர்த்தியாகிவிட்டது. அதற்குக் கீழே மிஷின் மட்டும் உர்ரென்று இரைந்துகொண்டிருந்தது. அதன் முகப்பில் மெல்லிசாக ஒரு வெள்ளை விளக்கு.

முருகவேல் சன்னதித் தெருப் பக்கம் ஒரு லாட்ஜில் மேனேஜர். பௌர்ணமி கிரிவலம் வந்தால் 'ரூம் இல்லீங்க' என்று சொல்லிச் சொல்லியே தொண்டை கட்டிவிடும் உத்தியோகம். ஐம்பதை நெருங்கும்போது செங்கம் ரோட்டில் ஒரு கடையில் இந்த மிஷினை செகண்ட் ஹேண்டில் வாங்கிக்கொண்டு வந்து நின்றார். "பேரப் புள்ள எடுக்கற வயசுல வாங்கியாந்துகிறீங்களே," என்று அருணாதேவி ஒரு வாரம் ஓட்டினாள். அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நைட் டூட்டி முடிந்து வந்தால் சத்தத்தைக் குறைத்து வைத்துக்கொண்டு அரை மணி நேரம் பனி பெய்கிற ஏதோ ஒரு ஊரில் லாரி ஓட்டுவார். பின்னால் வருகிற வண்டிக்கெல்லாம் ஒதுங்கி வழி விடுவார். இதற்கு எதற்கு ஒரு ஆட்டம் என்று அவளுக்குத் தோன்றும்.

லாரி ஓட்டுவது, மீன் பிடிப்பது, கிரிக்கெட், சந்து சந்தாக ஒளிந்து ஒளிந்து ஓடுவது என்று ஒவ்வொன்றாக ஏற்றியதில் மிஷினில் இடம் தீர்ந்துபோனது. பெங்களூரில் வேலை பார்க்கிற மகள் அபிநயா, அப்பா பிறந்தநாளுக்கென்று புதிதாக ஒன்று வாங்கித் தந்தாள். அதற்கு ராட்சச இடம் வேண்டுமாம். "பழச எதையாவது டிலீட் பண்ணுங்கப்பா," என்று போனில் தினமும் ஓதினாள். அவரும் ராத்திரி உட்கார்ந்து பட்டியலைத் திறப்பார். ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே கீழே வருவார். "இது பாதியில நிக்குது, பாவம்," என்று மூடிவிடுவார். லாட்ஜில் நேரம் தாண்டி ஒருத்தன் அறையில் படுத்திருந்தால் கதவைத் தட்டி எழுப்புகிற மனுஷன்தான்.

போன வாரம் சோப்பு டப்பா மாதிரி ஒரு ஹார்ட் டிஸ்க்கை வாங்கி வந்து பக்கத்தில் செருகினார். "பக்கத்துலயே இன்னொரு லாட்ஜ் கட்டிட்டேன் பாரு. பழைய ஆளுங்கள அங்க மாத்திட்டு, புள்ள குடுத்தத இங்க ஏத்தப் போறேன். யாரயும் தெருவுல நிறுத்த வேணாம்."

இன்று விடியற்காலை வந்ததும் அந்த வேலையைத்தான் ஆரம்பித்தார். பௌர்ணமி ஆனதால் மத்தியானமே திரும்பப் போயாக வேண்டும். அருணாதேவி அடுப்படியில் வெங்காயம் அரிந்துகொண்டிருந்தாள்.

"தேவி, இத ஆஃப் பண்ணிடாத. நடுவுல நின்னா இங்கயும் இல்லாம அங்கயும் இல்லாம பூடும். வெளக்கு வெள்ளையா இருக்கற வரைக்கும் வேல நடக்குது. ஆரஞ்சு ஆயிடுச்சின்னா முடிஞ்சிதுன்னு அர்த்தம். நான் சித்த படுக்கறேன். முடிஞ்சதும் ஒரு குரல் குடு."

"ம்," என்றாள் அவள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

காபி கொண்டுபோய் எழுப்பினால் எழுந்திருக்கவில்லை. அடுத்த தெரு டாக்டர் வந்து கையைப் பிடித்துப் பார்த்துவிட்டு, தூக்கத்திலேயே போயிருக்கிறது என்றார்.

சரோஜா பெட்டியின் கண்ணாடிமேல் கையை வைத்துக்கொண்டு, அழுகையின் நடுவே கேட்டாள். "கடைசியா இன்னா சொன்னான் எந்தம்பி? ஒங்கிட்ட ஏதாச்சும் சொன்னானா?"

சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் எல்லோரும் அருணாதேவியின் வாயையே பார்த்தார்கள். இத்தனை வருஷம் குடும்பம் நடத்திவிட்டுக் கடைசியில் ஒரு மனுஷன் சொல்லிவிட்டுப் போன வார்த்தை, மிஷினை ஆஃப் பண்ணிடாதே என்பது. இதை எப்படிச் சபையில் சொல்வது. அவளுக்கு வெட்கமாக இருந்தது, அவர்மேல் கோபமாகவும் இருந்தது.

"தூக்கம் வருது, படுக்கறேன்னாரு," என்றாள்.

போதும், சரோஜாவுக்கு அடி எடுத்துக் கொடுத்தாகிவிட்டது. "தூக்கம் வருதுன்னியேப்பா, தூங்கவே பூட்டியேப்பா," என்று அதையே ஒப்பாரியில் கோத்துக்கொண்டாள். ஒவ்வொரு தடவையும் அருணாதேவிக்குச் சுருக்கென்றது.

அவளால் ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. பெட்டிப் பக்கத்தில் போய் உட்காருவாள். வாசலில் யாராவது செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தால், சுவரோரம் போய்ச் சுவிட்சில் சாய்ந்துவிடுவார்களோ என்று எழுந்துவிடுவாள். விளக்கைப் பார்ப்பாள். வெள்ளை. திரும்ப வந்து உட்காருவாள். எதிர் வீட்டில் மின்விசிறி நின்ற மாதிரித் தெரிந்தபோது, அண்ணாமலையாரே கரண்ட் மட்டும் போவக்கூடாது என்று மனசுக்குள் வேண்டிக்கொண்டாள். புருஷன் செத்த அன்றைக்கு அவள் சாமியிடம் கேட்டது அது ஒன்றைத்தான்.

"கட்டுனவன் கெடக்கறான், இவ பாரு, காலுல சக்கரம் கட்டிக்கினு சுத்தறா," என்று யாரோ முணுமுணுத்தது அவள் காதில் விழுந்தது. விழுந்தால் விழட்டும் என்று விட்டுவிட்டாள்.

அவளுடைய அண்ணன் மகன் பாலாஜி டேபிள் ஃபேன் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தான். "ஜனம் வேர்த்துக் கொட்டுது அத்தை. இத அதுல போட்டுடறேன்."

"வேணாம். அது ஓடிக்கினு இருக்குது."

அவன் குனிந்து பார்த்தான். அவனுக்கு இதெல்லாம் தெரியும். "காப்பிதானே ஆவுது? நிறுத்தினா என்ன, போனா போவுது. மறுபடியும் நெட்ல எறக்கிக்கலாம் அத்தை. அவரு அக்கவுண்ட்லயே இருக்கும். மாமாதான் இனிமே…" சொல்ல வந்ததைப் பாதியில் முழுங்கிவிட்டு ஃபேனைப் பார்த்தான்.

அவன் சொல்லாமல் விட்டதும் உண்மைதான். இனிமேல் யார் அந்த லாரியை ஓட்டப் போகிறார்கள். ஆனால் காலையில் 'ம்' என்று சொன்னது அவள்.

"செல்ஃபு மேல பனைவிசிறிங்க கெடக்குது. எடுத்து எல்லாருக்கும் குடு," என்றாள்.

அபிநயா வந்து சேர மத்தியானம் தாண்டிவிட்டது. பௌர்ணமிக் கூட்டத்துக்காகப் பஸ்ஸை ஊருக்கு வெளியிலேயே நிறுத்திவிட்டார்களாம். அங்கிருந்து ஆட்டோ கிடைக்காமல், மலை சுற்ற வந்த ஜனத்தோடு ஜனமாக வெயிலில் நடந்து வந்திருந்தாள். பையைக்கூட இறக்காமல் கண்ணாடிமேல் விழுந்து அழுதாள். அருணாதேவி பையைக் கழற்றி எடுத்துக்கொண்டு, பெண்ணின் முதுகைத் தடவிக்கொண்டே நின்றாள்.

தண்ணீர் குடிக்க அடுப்படிக்கு வந்தபோது அபிநயாவும் அதையேதான் கேட்டாள். "அப்பா கடைசியா என்னம்மா சொன்னாரு?"

பிரிட்ஜ் கதவு இடுக்கு வழியாக மாவு பொங்கித் தரையில் சொட்டியிருந்தது. அருணாதேவி அதைக் காலால் ஒதுக்கிக்கொண்டே மெதுவாகச் சொன்னாள். வெள்ளை, ஆரஞ்சு, இங்கயும் இல்லாம அங்கயும் இல்லாம, எதையும் விடவில்லை.

அபிநயா கூடத்தை எட்டிப் பார்த்தாள். வேட்டி போர்த்திய டிவியும் கீழே விளக்கும் தெரிந்தன. பிறகு போய், யாரும் கவனிக்காதபடி வேட்டிக்குள் தலையை விட்டு டிவியைச் சத்தமில்லாமல் ஒரு நிமிஷம் போட்டுப் பார்த்துவிட்டு வந்தாள்.

"இன்னும் ரெண்டு கேம் இருக்குதும்மா. ரெண்டு மணி நேரம்னு காட்டுது. அப்பறம் ஆறு மணி நேரம்னு காட்டுது. அது கரெக்டா சொல்லாது." உதட்டைக் கடித்துக்கொண்டாள். "ஒண்ணக்கூட டிலீட் பண்ணலம்மா அப்பா. நான்தான் பண்ணுங்க பண்ணுங்கன்னு உயிர எடுத்தேன்."

"நீ இன்னா பண்ணுவ. கண்ணத் தொடச்சிக்கோ," என்றாள் அருணாதேவி.

அதற்குப் பிறகு மகளும் அவளும் மாறி மாறிச் சுவரோரம் உட்கார்ந்துகொண்டார்கள்.

சாயந்தரம் கிரிவலப் பாதையில் வண்டிகளை நிறுத்திவிடுவார்கள், அதற்குள் எடுத்தாக வேண்டும் என்று ஆண்கள் அவசரப்பட்டார்கள். லாட்ஜ் முதலாளி மாலை போட்டுவிட்டு, ஹவுஸ் ஃபுல்லாக இருப்பதால் பையன்களை அனுப்ப முடியவில்லை என்று அருணாதேவியிடம் மன்னிப்புக் கேட்பதுபோலச் சொன்னார். அவருக்கே மூன்று தடவை போன் வந்தது. பெட்டியின் ஒயரைப் பிடுங்கினார்கள். குளிப்பாட்டினார்கள். சரோஜா மண்ணில் புரண்டாள். வாசலில் நின்ற வண்டி கூட்டத்துக்குள் ஹாரன் அடித்து அடித்து வழி கேட்டுக்கொண்டு போயிற்று. தெருமுனை திரும்புகிறவரை அருணாதேவி பார்த்தாள். அழுதாள், நன்றாகவே அழுதாள். அழுதுகொண்டே உள்ளே வந்து விளக்கைப் பார்த்தாள். வெள்ளை.

வீடு கழுவ ஆரம்பித்தார்கள். குடம் குடமாகத் தண்ணீரைக் கூடத்தில் கொட்டினார்கள். "ஒயரெல்லாம் கெடக்குது, ஷாக் அடிச்சிடப் போவுது. மெயின ஆஃப் பண்ணுங்கடி," என்று சரோஜா துடைப்பத்தோடு நிமிர்ந்தாள்.

"இருங்க அண்ணி," என்று அருணாதேவி ஹார்ட் டிஸ்க்கையும் தொங்கின ஒயரையும் தூக்கி டிவி மேடைமேல் வைத்தாள். ஈரக் கையோடு தொட வேண்டாம் என்று முந்தானையில் துடைத்துவிட்டுத்தான் தொட்டாள். "இப்ப ஊத்துங்க."

சரோஜா அவளை ஒரு தினுசாகப் பார்த்தாள். தண்ணீர் மேடைப் பக்கம் போகாமல் துடைப்பத்தால் தடுத்துத் தள்ளினாள்.

தலைக்கு ஊற்றிக்கொண்டு, நனைந்த புடவையோடு அவள் கொல்லையிலிருந்து வந்தபோது, பெட்டி இருந்த இடத்தில் ஒரு அகலை ஏற்றி வைத்திருந்தார்கள். வீடு என்னவோ மாதிரி இருந்தது. ஆள் இல்லாததால் என்று முதலில் நினைத்தாள். பிறகுதான் புரிந்தது. காலையிலிருந்து இரைந்துகொண்டிருந்த சத்தம் நின்றுபோயிருந்தது.

வேட்டிக்குக் கீழே விளக்கு ஆரஞ்சு நிறத்தில் இருந்தது.

அவள் உள் அறைப் பக்கம் திரும்பினாள். நைட் டூட்டி பார்த்துவிட்டுப் படுத்திருக்கிற ஆளைப் பதறாமல் எழுப்புகிற அளவுக்கு, எப்போதும் கூப்பிடுகிற அதே குரலில் கூப்பிட்டாள்.

"ஏங்க. முடிஞ்சிடுச்சி."

சரோஜாவின் துடைப்பம் நின்றது. உள்ளே கட்டிலில் அப்பாவின் போர்வையை மடித்துக்கொண்டிருந்த அபிநயா, "சரிம்மா," என்றாள்.

சரோஜா மறுபடியும் குனிந்து, தேங்கின தண்ணீரை வாசல் பக்கம் தள்ள ஆரம்பித்தாள்.