கடலுக்குப் போயிருக்கிறார்

நான் படித்தது பெண்ணியல். சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணங்களில் இதை விளக்கிச் சொல்லி எனக்கு அலுத்துவிட்டது. "பொம்பளைங்களப் பத்தித் தெரிஞ்சிக்க எதுக்கும்மா எம்.ஏ.? வீட்ல உங்கம்மாவப் பார்த்தா போதாதா?" என்று உமர் மாமா பிரியாணித் தட்டிலிருந்து நிமிராமலே கேட்பார். பக்கத்தில் இருப்பவர்கள் சிரிப்பார்கள். நான் எலும்பைக் கடித்துக்கொண்டிருப்பேன். மாமா கேலியாகச் சொன்னதில் பாதி உண்மை என்று எனக்குத் தெரிய, நான் ஒரு தப்புச் செய்ய வேண்டியிருந்தது.

தாம்பரத்தில் ஒரு கல்லூரியில் ஆய்வு உதவியாளர் வேலை எனக்கு. நான்கு நாடுகளின் கடலோரங்களில் தனியாகக் குடும்பம் நடத்தும் பெண்களை ஒப்பிடுகிற ஆய்வு அது. எல்லா நாட்டிலும் ஒரே கேள்விகள், ஒரே வரிசை. கேள்விகள் டேப்லெட்டில் இருக்கும். ஒன்றுக்குப் பதில் தொடாவிட்டால் அடுத்த பக்கம் திறக்காது. "ஆளுக்கு ஆள் கேள்விய மாத்தினா எத எதோட ஒப்பிடுறது, நிகத்?" என்பார் எங்கள் பேராசிரியர் ஈவ்லின் மேடம். நியாயம்தான். அப்போது எனக்கும் அது நியாயமாகவே பட்டது.

கடலோரப் பெண்ணைத் தேடி நான் கடற்கரைக்குப் போகவில்லை. அவரே தினமும் காலையில் இரும்புலியூரில் எங்கள் வீட்டு வாசலுக்கு வந்துகொண்டிருந்தார். முத்தாலம்மாள். கோவளம் பக்கத்துக் குப்பத்தில் விடியலில் ஏலம் எடுத்து, கேளம்பாக்கம், வண்டலூர் வழியாக பஸ் பிடித்து, மீன்கூடையோடு எங்கள் தெரு முனையில் இறங்குவார். முதல் வீடு எங்களுடையது. முதல் விற்பனை, அதாவது போணி, என் அம்மா பரிதாவின் கையால்தான் ஆக வேண்டும். "பாய்ம்மா கையால போணி ஆச்சின்னா பத்து மணிக்கி கூட காலி" என்பார். ஆறு வருஷத்துக்கு முன் என் அத்தா இறந்து, அம்மா வெளியே வராமல் நாலு மாதம் பத்து நாள் இத்தா இருந்தபோதுகூட இது நிற்கவில்லை. ஒருக்களித்த கதவுக்குள்ளிருந்து அம்மா கையை மட்டும் நீட்டுவாள். முத்தாலம்மாள் அந்தக் கையிலிருந்து போணி வாங்கிக்கொண்டு போவார்.

அவருடைய புருஷன் துலுக்காணம் ஐந்து வருஷத்துக்கு முன் ஆனி மாதத்தில் கடலுக்குப் போனவர். படகு துண்டு துண்டாகக் கரை ஒதுங்கியது, ஆள் ஒதுங்கவில்லை. உடம்பு கிடைக்காததால் காரியம் செய்யவில்லை. முத்தாலம்மாள் பூவும் பொட்டும் மஞ்சளுமாகத்தான் இருந்தார். யார் கேட்டாலும் ஒரே பதில். "அவரு கடலுக்குப் போய்கீறாரு."

எங்கள் வீட்டுப் படியில் உட்கார்ந்து அவரிடம் கேள்விகள் கேட்டேன். ஏழாவது கேள்வி திருமண நிலை. அவர் அதே பதிலைச் சொன்னார். டேப்லெட்டில் ஐந்து கட்டங்கள்தான் இருந்தன: திருமணமாகாதவர், கணவருடன் வாழ்பவர், கணவரை இழந்தவர், விவாகரத்தானவர், பிரிந்து வாழ்பவர். கடலுக்குப் போயிருக்கிறார் என்ற கட்டம் இல்லை. கொஞ்சம் யோசித்தேன். இழந்தவர் என்றால் தொலைத்தவர் என்றும் பொருள் இருக்கிறதே, இறந்தார் என்று நான் எழுதவில்லையே என்று எனக்கு நானே சாமர்த்தியமாகச் சமாதானம் சொல்லிக்கொண்டு, மூன்றாம் கட்டத்தைத் தொட்டேன். பக்கம் திறந்தது. எவ்வளவு காலம் என்று அடுத்து வந்த கேள்வியை அவரிடம் வாசிக்காமல் நானே நிரப்பினேன். தமிழ் தெரியும் என்ற திமிர்தான், வேறென்ன?

அதற்குப் பிறகு நான்கு நாள் முத்தாலம்மாள் வரவில்லை. ஐந்தாம் நாள் வந்தார். கூடை இல்லை. கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டு, "நிகத்து, இன்னா எயுதின என்னிய பத்தி?" என்றார்.

நடந்தது இதுதான். பத்துப் படிவத்துக்கு ஒன்றை எங்கள் அலுவலகத்தில் சரிபார்ப்பார்கள். சுகுமார் என்பவர் போன் செய்து, எழுதிவைத்த கேள்விகளைப் படிப்பார். அன்றைக்கு முத்தாலம்மாளின் முறை. அவர் மீன் ஆய்ந்துகொண்டிருந்தார். கையெல்லாம் செதில் என்பதால் எப்போதும்போல ஸ்பீக்கரில் போட்டார். "வணக்கம்மா. உங்க கணவர் இறந்து எத்தன வருஷம் ஆச்சு?" என்று சுகுமாரின் குரல் வீடு முழுக்கக் கேட்டது. உள்ளே பாயில் உட்கார்ந்திருந்தவர் ரத்தினபாய். முத்தாலம்மாளின் மகள் துர்காவைத் தன் மகன் விக்கிக்குக் கேட்டு, நாள் குறிக்க வந்திருந்த சம்பந்தியம்மா.

"செத்துட்டாருன்னா இத்தினி நாள் இன்னாத்துக்கு பூ வச்சிகினு திரியற? தாலியறுத்தவ எம் மருமவளுக்கு நலங்கு வெக்கிறதா? தாலித் தட்டத் தொடுறதா?" என்று கேட்டுவிட்டு ரத்தினபாய் குறித்த நாளைத் தள்ளி வைத்துவிட்டார். ஆள் இருக்கிறாரா இல்லையா என்பது தெளிவாகட்டும், பிறகு பேசலாம் என்றாராம்.

கேட்டைத் திறந்து அவரை உள்ளே கூப்பிட்டேன். "அக்கா, தப்பு என்னோடதுதான். நானே வந்து சொல்றேன், தெரியாம தொட்டுட்டேன்னு" என்றேன்.

"தப்பா எயுதலியே" என்றார் முத்தாலம்மாள்.

எனக்குப் புரியவில்லை. அவர் படியில் உட்கார்ந்து மடியை அவிழ்த்தார். மஞ்சள் துணியில் சுற்றிய ஒரு கறுப்புக் கயிறு. அதில் கோத்த வெள்ளித் தாயத்து உப்பில் கறுத்திருந்தது. அது ஓர் அரைஞாண் கயிறு. ஆண்பிள்ளை இடுப்பில் கட்டினால் உயிர் போகிறவரை அவிழ்க்க மாட்டார்கள்.

"நாந்தான் முடிச்சிப் போட்டேன் இத. மூணாம் நாளு எங்க குப்பத்து ஆஸ்டின் அண்ணன் எட்தாந்து குட்தாரு. மரக்காணத்தாண்ட அவரு ஒடம்பு வலையில மாட்ச்சாம். தூக்கறதுக்குள்ள அலையில பூட்சாம், கவுறு மட்டும் கைல வந்துச்சாம். யாராண்டயும் சொல்லாதண்ணான்னு கால்ல உயுந்தேன். இன்னிக்கி வரிக்கும் அவரு சொல்லல. துர்காக்கும் தெரியாது."

"ஏங்க்கா?" என்று மட்டும் கேட்டேன்.

"காலீல ஏலத்துல போயி நின்னுப் பாரு. தாலியறுத்தவ மொதல்ல கூடைய நீட்டக் கூடாது. எல்லாரும் எட்து முட்ச்ச அப்பறம் மிச்சந்தான். பஸ்ல ஏறுனா மூஞ்சத் திருப்பிக்குவானுங்கோ. போணி யாரு பண்ணுவா? எம்பொண்ணு கல்யாணத்துல தூணாண்ட நின்னு பாக்கணும். அவரு போனது போயிட்டாரு. என் கையயும் சேத்து எட்துகினு போகணுமா?" அவர் குரல் உயரவே இல்லை. கயிற்றை மறுபடி சுற்றி மடியில் வைத்துக்கொண்டார். "அஞ்சி வருசமா ஒரு சொட்டு அயுவல நானு. அயுதா தெரிஞ்சிப் பூடும்."

வகுப்பில் நான் படித்த எந்தப் பாடமும் அப்போது உதவிக்கு வரவில்லை. பாதுகாக்க வேண்டியது தகவலின் உண்மையை என்று சொல்லிக் கொடுத்திருந்தார்கள். அந்த உண்மை இங்கே ஒரு மஞ்சள் துணிக்குள் இருந்தது. அதை நான் எழுதியும் வைத்துவிட்டேன், அறியாமலே. இப்போது போய் அது பொய் என்று சொல்ல வேண்டும்.

அன்று மத்தியானமே குப்பத்துக்குப் போனேன். ரத்தினபாய் வரவழைக்கப்பட்டிருந்தார். பருத்த உடம்பு, நேர்ப் பார்வை. துர்கா கதவோரம் நகத்தைக் கடித்துக்கொண்டு நின்றாள். விக்கிக்கு சிங்கப்பெருமாள் கோவில் பக்கத்துக் கம்பெனியில் வேலை. அன்று பகல் ஷிப்ட், அவன் இல்லை. நான் என் அடையாள அட்டையைக் காட்டி, டேப்லெட்டைத் திறந்து, விரல் தவறி வேறு கட்டத்தில் பட்டுவிட்டது என்றேன். மன்னிப்பும் கேட்டேன்.

ரத்தினபாய் டேப்லெட்டைப் பார்க்கவேயில்லை. என் தலையில் இருந்த துப்பட்டாவைப் பார்த்தார். "நீ தொயுவற வூட்டுப் பொண்ணு. பொய் சொல்ல மாட்ட. அந்தாளு இருக்காரா இல்லியா? உனக்கு இன்னா தெரியும், அத்தச் சொல்லு."

முத்தாலம்மாள் என்னைப் பார்க்கவில்லை. முறத்தில் காய்ந்துகொண்டிருந்த நெத்திலியைத் திருப்பிப் போட்டார்.

"கடலுக்குப் போயிருக்காரு" என்றேன்.

சொல்லும்போதே அது பொய் இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கடலுக்குத்தானே போனார், திரும்பி வந்தார் என்று நான் சொல்லவில்லையே. இழந்தவர் என்ற சொல்லில் செய்த அதே சாமர்த்தியம். முதல் தடவை அதை ஒரு கட்டத்தை நிரப்பச் செய்தேன், இரண்டாம் தடவை ஓர் ஆளுக்காகச் செய்தேன். வித்தியாசம் அவ்வளவுதான். ரத்தினபாய் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டார். பிறகு, "சரி, பஞ்சாங்கத்த எடு துர்கா" என்றார்.

மறுநாள் ஈவ்லின் மேடத்தின் முன்னால் நின்று, அந்தப் படிவத்தில் மூன்றாம் கட்டத்தை இரண்டாம் கட்டமாக மாற்ற வேண்டும், கணவருடன் வாழ்பவர், என்றேன். கயிற்றைப் பற்றிச் சொல்லவில்லை. அவர் காரணம் கேட்பார் என்று பயந்தேன். கேட்கவில்லை. "போன மாசம் செனகல் குழுவிலிருந்து இதே மாதிரி ஒரு கடிதம் வந்துச்சு. அங்க ஒரு அம்மா, வீட்டுக்காரர் இன்னும் தண்ணியிலதான் இருக்கார்னு சொன்னாங்களாம். எந்தக் கட்டத்துல போடுறதுன்னு கேட்டிருந்தாங்க" என்றார். அவர் என்ன பதில் எழுதினார் என்று கேட்டேன். "இன்னும் எழுதல" என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைத் துடைத்தார். மூன்றை இரண்டாக மாற்றிவிட்டு வந்தேன். பெயர் தெரியாத அந்தப் பெண்ணும் மடியில் எதையாவது முடிந்து வைத்திருப்பாளோ என்று அன்று முழுக்க எனக்கு அதே நினைப்பு.

தை மாதத்தில் குன்றத்தூர் முருகன் கோயிலில் கல்யாணம். அம்மாவும் நானும் மலை ஏறாமல் அடிவார மண்டபத்தில் விருந்துக்குக் காத்திருந்தோம். மேலே தாலி கட்டுவதற்கு முன் தாலித் தட்டை எல்லோரிடமும் நீட்டி ஆசி வாங்கியது முத்தாலம்மாள்தான் என்று இறங்கி வந்தவர்கள் சொன்னார்கள். மண்டபத்தில் நலங்கு வைத்ததை நானே பார்த்தேன். மகளின் இரண்டு கன்னத்திலும் சந்தனத்தைத் தடவி, தலையைச் சுற்றி நெட்டி முறித்தார். தலை நிறையக் கனகாம்பரம். அவ்வளவு பூவை அவர் தலையில் நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

பதினைந்து நாள் கழித்து ஒரு காலை. பால் வாங்கக் கதவைத் திறந்தேன். எதிர்ப்பக்கம் மின்கம்பத்தடியில் கூடையோடு முத்தாலம்மாள் நின்றிருந்தார். எங்கள் கேட்டுக்கு வரவில்லை. நெற்றி வெறுமையாக இருந்தது. கழுத்தில் ஒன்றும் இல்லை. மகளை அனுப்பி வைத்த பிறகு, ஊரைக் கூட்டி, கயிற்றை எடுத்து வைத்து, காரியத்தை முடித்திருக்கிறார்.

"ஏன் அங்க நிக்கிறீங்க?" என்று நான் கேட்க, "வேற யார்னா மொதல்ல வாங்கட்டும். அப்பறமா வரேன்" என்றார்.

பின்னால் அம்மா வந்துவிட்டாள். பார்த்ததுமே அவளுக்குப் புரிந்தது. எம்.ஏ. எதுவும் அவளுக்குத் தேவைப்படவில்லை. தெருவைக் கடந்து போய்க் கூடையின் ஒரு பக்கத்தைப் பிடித்தாள். "இறக்கு. போணி நான் பண்றேன்."

"வேணாம் பாய்ம்மா. என் கையால வாங்கினா..."

"என் கையால நீ ஆறு வருஷமா வாங்கல? எனக்கு மட்டும் யார் இருக்கா?"

"நீங்க வேற, பாய்ம்மா. உங்களுக்குப் பொட்டும் இல்ல, அத்த அயிக்கிறதும் இல்ல."

"நாலு மாசம் பத்து நாள் கதவுக்குள்ள இருந்தேனே, நீதான கைய நீட்டினே" என்று அம்மா சொல்லி, கூடையை எங்கள் படிக்கு இழுத்து வந்து, எடை கேட்காமல் சங்கரா மீனை அள்ளித் தட்டில் வைத்துக்கொண்டாள். காசை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்து, விரல்களை மூடினாள்.

முத்தாலம்மாள் அந்தக் காசைக் கண்ணில் ஒற்றி மடியில் முடிந்துகொண்டார். பிறகு என்னிடம், "அந்தப் பொட்டிய எட்தா நிகத்து. இப்ப மாத்திக்கோ" என்றார்.

டேப்லெட்டைக் கொண்டுவந்து மூன்றாம் கட்டத்தைத் தொட்டேன். அடுத்த பக்கம் திறந்து, கேள்வி வந்தது. அவரே என்னவென்று கேட்டதால் வாசித்தேன். "கணவரை இழந்து எவ்வளவு காலம் ஆகிறது?"

"அஞ்சி வருசம், ஏயு மாசம்" என்றார் உடனே. அப்புறம் உதடு கோணியது. முந்தானையை வாயில் வைத்து அழுத்தினார், அடங்கவில்லை. எங்கள் வீட்டுப் படியில், மீன்கூடைக்குப் பக்கத்தில், தெரு பார்க்க, துலுக்காணத்தின் பெயரைச் சொல்லி அழுதார். புருஷன் பெயரை அவர் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. அம்மா அவரைத் தோளோடு பிடித்துக்கொண்டாள். என் கையில் இருந்த டேப்லெட் அடுத்த கேள்விக்குக் காத்திருந்தது. நான் அதை அணைத்துக் கீழே வைத்தேன்.